மற்றப் பக்கத்தால் தொடங்கும் புத்தகம்

இத்தாலியின் பலெர்மோ காமிக்ஸ் சந்தையில், நானே படம் கீறி அச்சடித்த, மங்கா எனும் ஜப்பான் பாணிச் சித்திரக்கதைப் புத்தகத்தை விற்றுக்கொண்டிருக்கிறேன். கண்ணாடிக் கூரையால் விழும் பின்னேர வெயிலில் அட்டைகள் மினுங்குகின்றன. வேலைவீட்டிலிருந்து நேரே வந்த அம்மாவின் கையில் பிளீச் மணம். ஒரு பிரதியை எடுத்து, தமிழ்ப் புத்தகத்தைத் திறப்பதுபோலத் திறக்கிறா. “அம்மா, ஜப்பான் புத்தகம் மற்றப் பக்கத்தாலை துவங்கிறது,” என்கிறேன். பிந்திவிட்டேன். அவவின் கண்ணெதிரே கடைசிப் படம்: மகள் மிலானோ ரயிலில் ஏறுகிறாள், வார் அறுந்து முடிச்சுப் போட்ட கைப்பையோடு தாய் தனியே நிற்கிறா. காலையிலிருந்து பதினொரு அந்நியர் அதை வாங்கிப் போய்விட்டார்கள். அம்மாவுக்குத்தான் நான் இன்னும் சொல்லவில்லை. பக்கத்து மேசையில் யாரோ பலத்துச் சிரிக்கிறார்கள். அம்மாவின் விரல், தோளில் தொங்கும் தன் கைப்பையின் முடிச்சைத் தடவுகிறது. புத்தகத்தை மூடி, அடுக்கின்மேல் விளிம்பு பிசகாமல் வைக்கிறா. “எப்ப பிள்ளை பயணம்?”