முதல் கொத்து

வசந்தாமணி வீட்டுக் கூரை எறவாணத்தில் காப்புக் கொத்து கட்டியிருந்தது.

அவள் வாசலிலேயே நின்றுவிட்டாள்.

பொங்கலுக்குத் தைக்கக் கொடுத்திருந்த ஜாக்கெட்டை வாங்க வந்தவள். வாங்கிக்கொண்டு போக வேண்டியதுதானே. கண் மேலே போய்விட்டது.

வேப்பிலை, பூளைப்பூ, நடுவில் ஒரு கை கொள்ளாத ஆவாரம்பூ. மஞ்சள் என்றால் அப்படி ஒரு மஞ்சள். நாளை பொங்கல். இன்றைக்குப் பொழுது இறங்குவதற்குள் ஊரில் எல்லா வாசலிலும் இந்தக் கொத்து ஏறிவிடும். அதில் ஒன்றும் இல்லை.

கட்டியிருந்தது கயிற்றால் இல்லை. அதுதான்.

ஆவாரங்குச்சியிலிருந்தே உரித்த பட்டை. பச்சை ஈரம் இன்னும் காயவில்லை. இடப்பக்கமாகச் சுற்றி, நுனியை உள்ளே செருகியிருந்தது.

ஊரில் எல்லோரும் சணலால் கட்டுவார்கள். சோம்பேறிகள் பிளாஸ்டிக் கயிற்றால் கட்டுவார்கள். பட்டையை உரித்து, இடது கையால் முறுக்கிக் கட்டுகிறவன் ஒருத்தன்தான்.

அவள் புருஷன்.

ஆவாரம்பூ ஒடித்து வருகிறேன் என்று மதியம் சாப்பிட்டதும் கிளம்பியவன். இன்னும் வீட்டுக்கு வரவில்லை. அவள் வாசல் மொட்டையாகக் கிடக்கிறது.

“வாங்க்கா. ஏன் அங்கயே நின்னுட்டீங்க?”

வசந்தாமணி தையல் மிஷினை விட்டு எழுந்தாள். கட்டியவன் விட்டுவிட்டுப் போன பிறகு இந்த வீட்டில் தனியாக வாடகைக்கு இருப்பவள். கழுத்தில் ஒன்றும் இல்லை, முகத்தில் பவுடர்கூட இல்லை. அப்படியும் பார்க்க நன்றாக இருந்தாள். அதையும் இன்றைக்குத்தான் கவனிக்க வேண்டுமா.

“கை கொஞ்சம் புடிச்சுதுன்னா சொல்லுங்க்கா, பிரிச்சு உட்டர்லாம். முன்னைக்கு இப்பக் கொஞ்சம் பூசுனாப்ல இருக்கறீங்க.”

மார்பளவு தெரியும், இடுப்பளவு தெரியும். இவளுக்குத் தெரியாதது இனி என்ன இருக்கிறது?

“காப்பு ஆரு கட்டுனது?”

குரல் சாதாரணமாகத்தான் வந்தது. அவளுக்கே ஆச்சரியம்.

“நமக்கு ஆருங்க்கா இருக்கறாங்க? ஸ்டூலப் போட்டு நானேதான் கட்டுனேன்.”

சொல்லிவிட்டு வசந்தாமணி குனிந்து, கடிக்கத் தேவையில்லாத ஒரு நூலைப் பல்லால் கடித்தாள்.

காப்பை வீட்டு ஆம்பளைதான் கட்டுவான். சட்டம் ஒன்றும் கிடையாது. ஆனால் கட்டுகிறவன்தான் அந்த வீட்டுக்காரன் என்று ஊர் எடுத்துக்கொள்ளும்.

பொறாமை என்பது மரியாதையான வார்த்தை. அவளுக்கு வயிறு பற்றி எரிந்தது.

ஆளில்லாத வீடு, பாவம், ஒரு உதவி. அப்படி ஏதாவது சொல்லி மனதைத் தேற்றப் பார்த்தாள். உதவி என்றால் உதவி என்று சொல்லிவிட்டுப் போவதுதானே? இவள் ஏன் பொய் சொல்ல வேண்டும்?

அதைக்கூட விழுங்கிவிடலாம். முதல் கொத்தை இங்கே கட்டியிருக்கிறான். தாலி கட்டிக் கூட்டி வந்த வீட்டுக்கு மிச்சம் மீதிதான்.

ஜாக்கெட்டைப் பையில் போட்டுக்கொண்டு நடந்தாள். நடந்தாள் என்ன, ஓடினாள்.

வழியில் தரிசு முழுக்க ஆவாரஞ்செடி. யாரும் நட்டதில்லை, யாரும் தண்ணீர் விட்டதில்லை. ஆடுகூட வாய் வைக்காது. அப்படியும் மார்கழி முடியும்போது இப்படிப் பூத்துத் தள்ளுகிறது, வெட்கமில்லாமல்.

செடியின் மேலும் கோபம் வந்தது.

ஒரு கிளையை வளைத்து ஒடித்தாள். குச்சி ஒடிந்தது, பட்டை விடவில்லை. இழுத்தாள். முறுக்கினாள். உள்ளங்கை கன்றிப் போனது. இதைத்தான் அவன் பூனைக்குட்டியைத் தடவுகிற மாதிரி நிதானமாக உரிப்பான். அந்தக் கை கண்ணுக்குள் வந்தது. இன்றைக்கு யார் பார்த்துக்கொண்டிருக்க உரித்தானோ.

அழுகை வந்தது. அதையும் அங்கேயே, செடிகளுக்கு நடுவில் நின்று முடித்துக்கொண்டாள்.

வாய்க்கால் ஓரத்தில் பூளைப்பூ கிடைத்தது. வேம்பு வீட்டு முன்னாலேயே நிற்கிறது.

அவன் பொழுது இறங்கும்போது வந்தான். மொபெட்டின் முன்னால் ஒரு கட்டு ஆவாரம்பூ. சட்டையெல்லாம் மஞ்சள் இதழ்.

“நேரமாயிப் போச்சு. அந்த ஸ்டூல எடு” என்றபடியே கொத்தோடு வாசலுக்கு வந்தவன் அண்ணாந்து பார்த்தான்.

எறவாணத்தில் ஒரு கொத்து கோணலாகத் தொங்கியது. பாதிப் பூ உதிர்ந்துவிட்டிருந்தது. சணல் முடிச்சு பெரிதாக, அசிங்கமாகத் துருத்திக்கொண்டு தெரிந்தது.

அவள் கதவு நிலையில் சாய்ந்து நின்றாள்.

“வாசலுக்கு ஆயிருச்சு. அதக் கொண்டுபோய் மாட்டுக் கட்டுத்தரையில கட்டிக்குங்க.”

அவன் அவளைப் பார்த்தான். பிறகு பார்க்கவில்லை.

யார் கட்டியது என்று அவன் கேட்கவே இல்லை.