சரவெடி

சீசன் தொடக்கத்தில், முதல் வெற்றியன்று வெடிக்கவென்று அந்தக் கூடைப்பந்து அணி வாங்கிய சரவெடி, தோற்ற ஆட்டங்களுக்கெல்லாம் பஸ்ஸில் கூடவே போய்த் திரும்பியது. அதை நமத்துப்போகாமல் வெயிலில் காயவைத்துக் காத்தவள், களமிறங்க வாய்ப்பின்றிப் பெஞ்சைத் தேய்த்துக்கொண்டிருந்த ஜெசிந்தா. இன்று லீக்கின் கடைசி ஆட்டம். ஒரே ஒரு புள்ளி பின்தங்கியிருந்தார்கள். நேரம் முடியும் நொடியில் கேப்டன் பவானி பாதி மைதானத்திலிருந்து பந்தை எறிந்தாள். அது அவள் கையை விட்டுப் பறந்ததுமே ஜெசிந்தா சாக்ஸுக்குள் வைத்திருந்த தீப்பெட்டியை உருவி, மைதானத்தின் ஓரத்தில் கிடந்த சரவெடியின் திரியைக் கொளுத்திவிட்டாள்.

“ஏம்மா, பந்து இன்னும் விழவே இல்லம்மா!” என்று அலறினார் கோச்.

“விழும் சார், நீங்க காதப் பொத்துங்க!”

பந்து வளையத்தின் விளிம்பில் சுழன்றது. திரி சீறிக்கொண்டு போனது. எதிரணிப் பெண்கள்கூடக் காதைப் பொத்திக்கொண்டு அண்ணாந்து நின்றார்கள்.