புத்தகம் வராத விழா

"புத்தகக் கட்டை பஸ்லயே விட்டுட்டேம்மா."

சிதம்பரநாதன் வினோதாவின் முன் வெறுங்கையோடு வந்து நின்றார்.

கல்லூரி அரங்கில் கூட்டம் நிரம்பிவிட்டது. சொந்த ஊரான போலகத்திலிருந்து அவள் வீட்டார் வேன் வைத்து வந்திருந்தார்கள். 'இலக்கியத் திறனாய்வு வரலாறு: மாணவர்க்கு ஓர் அறிமுகம்.' அவளுடைய முதல் புத்தகம். வெளியிட வேண்டிய பேராசிரியர் சிவசுப்பிரமணியன் மேடையில் உட்கார்ந்துவிட்டார்.

மயிலாடுதுறை அச்சகத்திலிருந்து பிரதிகளைக் கொண்டுவரும் பொறுப்பு, அந்த ஊரிலிருந்து தினமும் வந்துபோகும் சக ஆசிரியர் சிதம்பரநாதனுடையது.

"எந்த பஸ் சார்? டெப்போவுக்குப் போன் பண்ணலாம்!"

"ஞாபகம் இல்லம்மா."

"ஒரு பிரதிகூடவா கையில எடுத்து வைக்கல?"

அவர் வியர்வையைத் துடைத்துக்கொண்டார். அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

"மறதியாவது!" என்று அதே துறையின் பெரியநாயகி மேடம் அவள் காதருகே முணுமுணுத்தார். "இத்தனை வருஷ சர்வீஸ்ல ஒரு புத்தகம் போடல. நீ போடுறியேன்னு வயித்தெரிச்சல்."

அட்டைப்படத்தைத் திரையில் காட்டி விழாவை ஒப்பேற்றினார்கள்.

"புத்தகத்தைப் பார்க்காம என்னத்தைப் பேசறது?" என்று மைக்கிலேயே குறைபட்டுக்கொண்டார் சிவசுப்பிரமணியன். பொன்னாடை போர்த்தி, அவரைக் காரில் ஏற்றி அனுப்பிவிட்டு வினோதா வேகமாகச் சிதம்பரநாதனிடம் திரும்பினாள்.

"இப்ப திருப்தியா சார்? பொறாமைன்னா நேராவே சொல்லிருக்கலாமே!"

சிதம்பரநாதன் அவளைத் துறை அறைக்கு அழைத்துப் போனார். அலமாரியைத் திறந்தார். உள்ளே புத்தகக் கட்டு.

"அப்போ... வேணும்னேதான் பண்ணீங்களா?"

"ஆமாம்மா." ஒரு பிரதியை எடுத்து நடுவில் விரித்தார். "இந்த மூணாவது அத்தியாயம் எங்கேருந்து வந்துச்சு?"

"நான் எம்.ஏ. படிச்சப்போ எங்க வாத்தியார் சொல்லச் சொல்ல எழுதின குறிப்பு. அவர் சொந்தமா சொன்னது. முன்னுரையில நன்றிகூட எழுதிருக்கேனே."

"சொந்தமா சொல்லல. ஒரு பழைய புத்தகத்தைப் பார்த்து வாசிச்சிருக்காரு. வரிக்கு வரி அப்படியே இருக்கு. காலையில பஸ்ல பிரிச்சுப் பார்த்தப்பதான் எனக்கே தெரிஞ்சுது."

வினோதா அந்தப் பிரதியை வாங்கிப் புரட்டினாள்.

"அது... யார் எழுதின புத்தகம் சார்?"

"இப்ப பொன்னாடை போத்தி அனுப்பினீங்களே, அவரு எழுதினதும்மா."