பல்லுக் கத்தரி

தையல்காரி ஜான்கி அளவு டேப்போடு ஒரு வீட்டுக்குள் நுழைந்தால், ஒரு மாதத்துக்குள் அந்த வீடு காலி.

வுனிமோனோ என்ற அந்தத் தீவு ஊரில் எல்லோரும் அப்படித்தான் பேசிக்கொண்டார்கள். எண்பத்தேழாம் வருஷக் கடைசி. ராணுவம் இரண்டாம் முறையாக ஆட்சியைப் பிடித்திருந்தது. ஆற்றோரத்தில் மட்டும் ஆறு இந்தியர் வீடுகள் ஆளில்லாமல் கிடந்தன. முந்தின நாள் சிரித்துப் பேசியவர்கள் மறுநாள் இல்லை. ஜன்னலில் திரை ஆடியது. கொடியில் துணி காய்ந்தது. வாசலில் நாய் சோற்றுக்குக் காத்துக் கிடந்தது.

அந்த வீடுகளின் குப்பையிலெல்லாம் தவறாமல் ஒன்று கிடைத்தது. பல்லுப்பல்லாக வெட்டிய துணித் துணுக்குகள்.

"ஜான்கியோட கத்தரிதான் ருக்மணி," என்றாள் பக்கத்து வீட்டு அஞ்சலை. "இந்த ஊர்ல அவகிட்ட மட்டுந்தான் அந்தப் பல்லுக் கத்தரி இருக்கு. தையலுக்கு உள்பக்கம் ஓரத்தை அதுல வெட்டிவிட்டா நூல் பிரியாதாம். துணியைப் பிரியாம வச்சா போதுமா? ஊரைப் பிரிச்சுட்டாளே பாவி!"

ருக்மணி முந்தானையை இழுத்துச் செருகினாள்.

"என் வீட்டுப் பக்கம் வரட்டும், காலை ஒடைக்கிறேன்."

அவளுக்கு ஒரு தைரியம், புருஷன் கோவிந்த். பக்கத்து டவுன் நவுசோரியில் வாத்தியார், கோயில் கமிட்டிச் செயலாளர். போன வாரம் கோயில் மண்டபத்தில் யங்கோனா வேர்ச்சாறு குடித்துக்கொண்டே எல்லோர் முன்னாலும் சொன்னாரே! "பாட்டன் கரும்பு வெட்டின மண்ணு இது. பயந்தவன் ஓடட்டும். நான் செத்தாலும் இங்கதான்."

ருக்மணி மகளை மடியில் வைத்துக்கொண்டு, பெருமையில் கண் கலங்கக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அடுத்த திங்கட்கிழமை துணி துவைக்கும்போது, கோவிந்தின் சட்டைப் பையில் ஏதோ விரலில் பட்டது.

கறுப்புக் கம்பளித் துணுக்கு. ஓரம் பல்லுப்பல்லாக.

இந்த வெயிலில் கம்பளி யாருக்கு? அவள் அதை அடுப்பில் போட்டாள். முடி கருகுவது போல் நாறியது.

"என்னங்க, உங்க பையில இது எப்படி வந்துச்சு?" என்று சாயங்காலம் கேட்டாள்.

"ஸ்கூல்ல புள்ளைங்க கைவேலை பண்ணுதுங்க. ஒட்டியிருக்கும்," என்றார் அவர், பேப்பரிலிருந்து தலையை எடுக்காமல்.

மறுவாரம் மூன்று துணுக்குகள். ருக்மணி கற்பூரம் கொளுத்தி வீட்டைச் சுற்றி வந்தாள். வாசலில் எலுமிச்சம்பழம் கட்டினாள்.

அதற்கடுத்த வாரம் பை புடைத்திருந்தது. கையை விட்டாள். ஒரு பிடி கறுப்புப் பற்கள்.

அதே நேரம் எதிர்வீட்டில் சுவர்க் கடிகாரம் பன்னிரண்டு அடித்தது. அந்த வீட்டில் ஆள் இல்லாமல் ஒரு வாரமாகிறது.

ருக்மணி அந்தத் துணுக்குகளை அள்ளிக்கொண்டாள். ஈரக் கையோடு ஓடினாள்.

ஜான்கி வீட்டுக் கதவு திறந்தே இருந்தது. உள்ளே கறக், கறக் என்று ஒரே சத்தம். ஜான்கி மேசைமேல் குனிந்து ஏதோ துணியின் ஓரத்தை வெட்டிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

"என் வீட்டுக்கு என்னடி சூனியம் வைக்கிறே? நீ என்ன ஜென்மம்? எத்தனை வீட்டை முழுங்கினா உன் வயிறு ரொம்பும்?"

ஜான்கி கத்தரியைக் கீழே வைத்தாள்.

"நான் எந்த வீட்டையும் முழுங்கல. போற நாடு குளிரு. கோட்டு வேணும்ல? போறது வெளிய தெரிஞ்சா திருடன் முன்னாடியே வந்து நிப்பான். அதான் மூச்சு விடமாட்டேன்னு மாரியம்மன் மேல சத்தியம் வாங்கிக்கிட்டுத்தான் துணியே குடுக்கிறாங்க. நீங்கள்லாம் ஏசுறீங்க. ஏசிட்டுப் போங்க."

"எங்க வீட்டுல யாரும் போகலையே! அப்புறம் இது ஏன் அங்க வருது?"

ஜான்கி கத்தரியை மறுபடி எடுத்தாள். அவள் பார்வை மட்டும் ஒரு தடவை சுவர்ப் பக்கம் போய் வந்தது.

ஆணியில் ஒரு கறுப்புக் கோட்டு தொங்கியது.

இடது தோள் கொஞ்சம் சரிந்த கோட்டு. இடது கை ஒரு விரற்கடை குட்டை. பத்து வருஷமாக ருக்மணி சட்டை துவைத்து இஸ்திரி போடுகிற உடம்பு அது.

கிட்டே போய் அதைத் திருப்பிப் பார்த்தாள். உள்தையல் முழுக்கப் பல்லுப்பல்லாக, ஒரு நூல்கூடப் பிரியாமல் இருந்தது.

"எனக்குக் கோட்டு எங்கக்கா?"

ஜான்கி கத்தரியை மூடி வைத்தாள்.

"புள்ளைக்கு?"

ஜான்கி இல்லை என்று தலையாட்டினாள்.

"அவர் மட்டுமா டிக்கெட் எடுத்திருக்காரு?"

"டிக்கெட் எனக்குத் தெரியாது. கோட்டு ஒண்ணுதான்."

ருக்மணி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். "சத்தியத்தை மீறிட்டியே அக்கா," என்றாள்.

"எங்க மீறினேன்? போறாங்கன்னு வாயால சொல்லமாட்டேன்னுதான் சத்தியம். அளவு பாக்க வரும்போதெல்லாம் சட்டையைக் கழட்டி மாட்டுவாரு. அந்தப் பையில துணுக்கை நாந்தான் போட்டுவிட்டேன்."

ருக்மணி நிமிர்ந்து பார்த்தாள். கேட்கவே பயமாக இருந்தது. "எப்ப... எப்ப வந்து வாங்கிட்டுப் போறாரு?"

ஜான்கி குனிந்து அவள் தோளில் கை வைத்தாள்.

"கோட்டு முடிஞ்சு மூணு வாரமாச்சு புள்ள. ஓரம் வெட்டல, ஓரம் வெட்டலன்னு சொல்லிச் சொல்லித் திருப்பி அனுப்பிக்கிட்டிருக்கேன். என்னை ஏசறதுக்காவது ஓடி வருவேன்னு பாத்தா, நீ வர்றதுக்கு இவ்ளோ நாளா?"