யாரோ ஒரு டாக்டர்

மேடையில் அவர் குரல் தழுதழுத்தது.

அரங்கம் அசையவில்லை. அவளுக்குப் பக்கத்து நாற்காலிப் பெண் கைக்குட்டையை எடுத்துவிட்டாள்.

அவள் மட்டும் அழவில்லை. மடியில் இரண்டு கைகளையும் இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

அழுகிறாராம். அவள் பெற்ற பிள்ளைக்கு இவர் அழுகிறாராம்.

டாக்டர் சிவசைலம் தன் புதிய புத்தகத்திலிருந்து வாசித்துக்கொண்டிருந்தார். மரபணு, பரம்பரை நோய் என்று எதைத் தொட்டாலும் கதை மாதிரி எழுதுகிறார், பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் புரிகிறது என்று ஊரே கொண்டாடுகிறது. புரியாமல் என்ன? அவளும் வாங்கிப் படித்திருந்தாள். நன்றாகத்தான் புரிந்தது.

புத்தகத்தில் பையனின் பெயர் அமுதன்.

பெற்றவள் வைத்த பெயர் மாரிச்செல்வம்.

மற்றபடி எல்லாம் அவன்தான். தவழாத கால்கள். சிரித்தால் ஒரு கன்னத்தில் மட்டும் விழும் குழி. எச்சில் விழுங்கவும் தெம்பில்லாத கடைசி நாட்கள்.

தாயிடம் ஒளிந்திருக்கும் பழுதும் தகப்பனிடம் ஒளிந்திருக்கும் அதே பழுதும் ஒரு பிள்ளையிடம் வந்து சேர்ந்தால் தசை கரைந்துபோகும். நெருங்கிய சொந்தத்தில் கட்டினால் அப்படிச் சேர வாய்ப்பு அதிகம். அழகாக விளக்கியிருந்தார்.

அவள் கட்டியது தாய்மாமனை.

அவர் பக்கத்தைத் திருப்பினார்.

“கல்யாணத்துக்கு முன்னால் அவர்கள் யாரோ ஒரு டாக்டரிடம் போயிருக்கிறார்கள். அவர் ரத்த குரூப்பை மட்டும் பார்த்துவிட்டு, வேறு வேறு குரூப், தாராளமாகக் கட்டலாம் என்று சொல்லியிருக்கிறார். ரத்த குரூப்புக்கும் இந்த நோய்க்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. அந்த டாக்டரின் அலட்சியமும் அந்தத் தாயின் அறியாமையும் சேர்ந்து ஒரு குழந்தையைக் கொன்றன.”

கைதட்டல்.

யாரோ ஒரு டாக்டராம்.

அடப்பாவி.

சாத்தூரில், பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், மாடியில் இருந்தது இவருடைய கிளினிக். வீட்டில் பயந்தது அவள் ஒருத்திதான். காலேஜில் விலங்கியல் படித்தவள். சொந்தத்தில் கட்டினால் பிள்ளைக்கு ஆகாதாமே என்று அம்மாவையும் மாமாவையும் இழுத்துக்கொண்டு படியேறியதே அவள்தான். இவர் சிரித்தார். அவனுக்கு ஓ, உனக்கு பி, அப்புறம் என்ன பயம் என்றார். ரொம்பப் படித்தால் இப்படித்தான் என்று அம்மாவிடம் கேலி பேசினார்.

கல்யாணத்துக்கும் வந்தார். முதல் பந்தியில் உட்கார்ந்து, பாயசத்தைக் கேட்டு வாங்கிக் குடித்தார்.

அவள் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு மறுபடியும் படியேறியபோது, அத்தனை நோயாளிகளுக்கும் நடுவில் வைத்துக் கத்தினார். யாரும்மா உங்களைச் சொந்தத்துல கட்டச் சொன்னது?



நீங்கதானே டாக்டர் குரூப் பார்த்துச் சொன்னீங்க என்று அம்மாதான் மெல்லச் சொன்னாள். அவருக்கு அது காதில் விழுந்தது. முகம் மாறியதை அவள் பார்த்தாள். அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

மாரிச்செல்வம் போன பிறகு மாமா அம்மாவோடு பேசவே இல்லை. அவசரப்படுத்திக் கட்டிவைத்தது அக்காதான் என்று ஒரே பிடியாக நின்றுவிட்டார். அம்மா, என்னாலதான், என்னாலதான் என்று நெஞ்சில் அடித்துக்கொண்டே செத்தாள்.

செருப்பைக் கழற்றி வீச வேண்டும் என்றுதான் பஸ்ஸில் வரும்போது நினைத்திருந்தாள். வேண்டாம். செருப்படி பட்டால் இவருக்கு இன்னும் அனுதாபம்தான் சேரும்.

அவளுக்கு வேண்டியது ஒரு பெயர். இத்தனை பேர் காதிலும் விழும்படி.

கேள்விகள் இருந்தால் கேட்கலாம் என்றார்கள். அவள் கையைத் தூக்கினாள். மைக் வந்தது. எழுந்து நின்றாள். குரல் நடுங்கவில்லை.

“அந்த டாக்டர் பேரு என்ன சார்?”

அவர் புன்னகைத்தார். கைகூப்பினார்.

“அது நாகரிகம் இல்லம்மா. பாவம், அவர் இப்ப உயிரோடவும் இல்ல. போனவரைப் பத்தி நாம ஏன் பேசணும்?”

அரங்கம் உச்சுக் கொட்டியது. என்ன பெருந்தன்மை பாருங்க என்று முன்வரிசையில் ஒருவர் சொன்னார்.

கூசாமல் சொல்லிவிட்டாரே. ஒரு டாக்டரை உண்டாக்கி, பழியையும் அவன் தலையில் கட்டி, இதோ இப்போது ஆளையே சாகடித்தும்விட்டார். அவளுக்குச் சிரிப்பு வந்தது. 

மைக்கைத் திருப்பி வாங்கக் கை நீட்டினார்கள். அவள் கொடுக்கவில்லை.

“உயிரோடதான் இருக்கார் சார். நல்லாவே இருக்கார். பையன் பேரு மாரிச்செல்வம். நான் அவன் அம்மா.”

அப்போதுதான் அவர் அவள் முகத்தைப் பார்த்தார்.

தண்ணீர் பாட்டிலை எடுத்தார். மூடியைத் திருகினார். அது திறக்கவில்லை.

எல்லாத் தலைகளும் அவள் பக்கம் திரும்பின. பின்னாலிருந்து ஒரு குரல் கேட்டது.

“யாரும்மா அந்த ஆளு? பேரைச் சொல்லுங்க.”

நாக்கு நுனியில் இருந்தது. இத்தனை வருஷமாக அங்கேதான் இருந்தது.

அவள் விழுங்கிக்கொண்டாள்.

“அவரே சொல்லட்டும்,” என்று மேடையைக் காட்டினாள்.

அவள் உட்காரவில்லை. தலைகள் ஒவ்வொன்றாக மேடைப் பக்கம் திரும்பத் தொடங்கின.