இன்னொரு டேக்

“சாச்சி, கொஞ்சம் அங்கால தள்ளி நில்லுங்க. கமராவுக்குள்ள வாறீங்க.”

பர்ஸான் சத்தம் போட்டதும் ஸாலிஹா நகர்ந்து நின்றார். ஐம்பதைத் தாண்டிய வயது. தோளில் ஒரு துவாய். இந்தக் கல்முனைக் கடற்கரையில் ஷூட்டிங் தொடங்கிய நாளிலிருந்து காலையில் முதல் ஆளாக வந்து நிற்கிறார். பெயரைத் தவிர வேறெதுவும் அவர் சொன்னதில்லை; வயதுக்கு மரியாதையாகச் ‘சாச்சி’ என்று கூப்பிட்டார்கள்.

“ஆருடா மச்சான் இவங்க?” என்று பாயிஸின் காதில் கேட்டான் பர்ஸான். மைக் பிடிப்பது, சாப்பாடு வாங்குவது, பேய்க்கு முடி கலைத்து விடுவது எல்லாம் பாயிஸ்தான்.

“பள்ளிவாசல் ஆக்கள் அனுப்பியிரிக்கும். பொம்புளப் புள்ளயக் கடல்ல நனைய வெச்சுப் படம் எடுக்கானுகள் எண்டு கத போயிரிக்கும். துவாயப் பாத்தியா? புள்ளய மூடத்தான் கொண்டுவந்திரிக்கா.”

பர்ஸான் அந்தத் துவாயை ஓரக்கண்ணால் பார்த்தான். கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கும் அவனுக்கு இது மூன்றாவது பேய்ப்படம். முதல் படத்தில், பாழடைந்த அரிசி ஆலைக்குள் பேய் நுழைந்ததும் மண்டபமே சிரித்தது. இரண்டாவது படத்தின் பேயை யாரோ ஒரு குத்துப்பாட்டோடு ஒட்டி ஊரார் போனிலெல்லாம் ஆடவிட்டார்கள். சொந்த ஊரான அட்டாளைச்சேனையில் அவன் தெருவில் இறங்கினால் ‘பகிடிப் பேய்’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். அதனால்தான் தன்னைத் தெரியாத ஒரு கரையைத் தேடி வந்திருந்தான்.

லைட் வாடகைக்கு எடுக்க வழியில்லை. பட்டப்பகலில் வரும் பேய்தான் உண்மையில் பயங்கரம் என்று எல்லோரிடமும் சொல்லி, தானும் அதை நம்பத் தொடங்கியிருந்தான்.

“மேனுஜா, ரெடியா? உள்ள போங்க.”

மேனுஜா பக்கத்துப் பாண்டிருப்பில் மேடை நாடகம் நடிப்பவள். பேயாக வரச் சம்மதித்த ஒரே பெண். முகம் முழுக்கச் சாம்பல், தலைவிரி கோலம், வெள்ளைச் சட்டை.

“கவனம் புள்ள! முழங்காலுக்கு மேல போகாத!” என்று பின்னாலிருந்து கத்தினார் ஸாலிஹா.

“சாச்சி, முங்கித்தான் எழும்பணும். நீந்தத் தெரிஞ்ச புள்ளதான், பயப்படாதீங்க.”

மேனுஜா கடலுக்குள் நடந்தாள். ஸாலிஹா சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

“அக்‌ஷன்!”

அலை தலையை மூடியது. பிறகு மெல்ல ஒரு தலை எழுந்தது. ஈரமுடி முகத்தில் ஒட்ட, கைகளைத் தொங்கவிட்டபடி அந்த உருவம் கரையை நோக்கி வந்தது. கரைவலை இழுத்துக்கொண்டிருந்த இரண்டு பேர் கயிற்றைப் போட்டுவிட்டுப் பின்வாங்கினார்கள்.

பர்ஸானுக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. பயப்படுகிறார்கள்!

அந்த நேரம் பார்த்து ஸாலிஹா சிரித்த முகத்தோடு கமராவுக்குக் குறுக்கே நடந்து போனார்.

“கட்! கட்! என்ன சாச்சி இது? பேய் வருது, நீங்க சிரிச்சிட்டுப் போறீங்க! பயமா இல்லியா?”

“என்னத்துக்கு மகன் பயம்? புள்ளைக்குக் குளிருதே.” துவாயை விரித்து மேனுஜாவைப் போர்த்தி, தலையைத் துடைத்துவிட்டார்.

பர்ஸானின் முகம் வாடிவிட்டது. “அப்ப, பேய் மாதிரி இல்லியா?”

“வடிவா இரிக்கி மகன்.”

பேய் அழகாக இருக்கிறதா? இது பாராட்டா, பகிடியா? அவனுக்கு ஒன்றும் விளங்கவில்லை.

அடுத்த டேக்கிலும் அதேதான். அதற்கடுத்ததிலும். பேய்ப்படம் பார்க்கும் எவரும் பேய் வரும்போதுதான் கண்ணை மூடுவார்கள். இவரோ மேனுஜா கடலுக்குள் போகும்போது முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். பேய் எழுந்து வரும்போது இமைக்காமல் பார்க்கிறார். கடைசியில் பாயிஸ் அவருக்கு முன்னால் கைகளை விரித்துக்கொண்டு நிற்க, ஒருவழியாக டேக் ஓகே ஆனது.

சாமான்களைக் கட்டும்போது ஸாலிஹா கிட்ட வந்தார்.

“எல்லாம் முடிஞ்சா மகன்? நாளைக்கு வரமாட்டீங்களா?”

“இல்ல சாச்சி. இதோட சரி.”

அவர் போகவில்லை. தயங்கித் தயங்கிச் சொன்னார்.

“அப்ப, அந்தப் புள்ளய இன்னும் ஒருக்கா வரச் சொல்லுங்களன்.”

“டேக் ஓகே சாச்சி. படத்துக்கு இது காணும்.”

“படத்துக்கு இல்ல. கமராவ மூடி வைங்க. சாம்பலக் கழுவிட்டு, முடியக் கட்டிட்டு, சும்மா சிரிச்சிட்டு வரட்டும். கடலுக்குள்ள இருந்து.”

பாயிஸ் பர்ஸானின் கையைக் கிள்ளினான். பர்ஸானுக்குத் தலை சுற்றியது. பெண்பிள்ளை நனைவதுதான் குற்றம் என்றால் மறுபடியும் எதற்குக் கடலில் இறக்கச் சொல்கிறார்? பேயைப் பார்த்துப் பகிடி பண்ணுகிறார் என்றால் சாம்பலை எதற்குக் கழுவச் சொல்கிறார்?

“கமராவும் இல்லாம, பேயும் இல்லாம, என்னத்துக்கு சாச்சி?”

ஸாலிஹா ஈரத் துவாயைப் பிழிந்து தோளில் போட்டுக்கொண்டார்.

“சுனாமியண்டு என்ட மகள் றுஸ்தாவக் கடல் கொண்டு போனத்த இந்தக் கண்ணாலதான் பாத்தன், மகன். அவ திரும்பி வாறதையும் ஒருக்காப் பாக்கணும்.”