முதல் பக்கத்துச் சாபம்

சுவீடனின் ஒரு பழைய நகர நூலகத்தில் நூலகர் ஹெல்மரைத் தாண்டி ஒரு துண்டுத் தாள்கூட வெளியே போகாது. செக் நாட்டிலிருந்து வந்த ஸ்டென்காவின் கைப்பையைத் துழாவிப் பார்த்துவிட்டுத்தான் படிக்கக் கேட்டிருந்த பழைய தோல் அட்டைப் புத்தகத்தை அவள்முன் வைத்தார்.

"தப்பா நினைக்காதீங்கம்மா, வெளியூர்க்காரங்களை நம்ப முடியல. முதல் பக்கத்தைப் பாருங்க. 'இதைத் திருடுறவன் கை அழுகிப் போகட்டும்'னு லத்தீன்ல சாபமே இருக்கு. எங்க பெரியவங்க சும்மாவா எழுதி வெச்சாங்க?"

ஸ்டென்கா அடுத்த வரியையும் படித்தாள்.

"எழுதினது எங்க ஊர் மடத்துச் சாமியாருங்க. கீழே மடத்தோட பேரே இருக்கு. அந்தக் காலத்துப் போர்ல உங்க படைதான் மடத்துப் புத்தகம் மொத்தத்தையும் அள்ளிட்டு வந்துது."

ஹெல்மர் புத்தகத்தை வெடுக்கென்று தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"அப்பவே நினைச்சேன். பையை இன்னொரு தடவை காட்டும்மா!"